கண்மை மீசை

கையெழுத்துப் போட்டது நான்தான். அதை முதலில் சொல்லிவிடுகிறேன். கிழவனுக்கு விவரம் பத்தாது, யாரோ கையைப் பிடித்துப் போட வைத்துவிட்டார்கள் என்று எனக்காக ஒருவரும் பரிந்து பேச வேண்டாம். பேனாவைப் பிடித்தது என் கை. பெயரைத் தமிழில் எழுதியதும் நான்தான். தாணுலிங்கம், கரமனை.

எழுபத்து நான்கு வயது ஆகிறது. பூதப்பாண்டியிலிருந்து பன்னிரண்டு வயதில் இந்தத் திருவனந்தபுரத்துக்கு வந்தவன். சாலைக் கடைத்தெருவில் பாத்திரக் கடை நடத்தினேன். படிப்பு நாலாம் வகுப்பு, அதுவும் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில். மலையாளம் பேசுவேன். மலையாளத்தில் நான் சண்டை போட்டால் எதிரே நிற்பவன் ஓடிவிடுவான். ஆனால் வாசிக்க ஓர் எழுத்து தெரியாது. பஸ் வந்தால், கண்ணாடியை வீட்டில் வைத்துவிட்டேன், இது எங்கே போகிற வண்டி என்று பக்கத்தில் நிற்பவனைக் கேட்பேன். ஆபீசில் தாளை நீட்டினால், வீட்டில் போய்ப் பார்த்துக்கொள்கிறேன் என்று மடித்துப் பையில் வைப்பேன். அறுபது வருஷம் இப்படியே ஓட்டிவிட்டேன். என் மனைவி பகவதியம்மாளுக்குத் தெரியும். அவள் போய்ச் சேர்ந்து ஆறு வருஷமாகிறது. மகளுக்குத் தெரியும். வேறு யாருக்கும் தெரியாது என்று நினைத்திருந்தேன்.

மகள் பெயர் நீலாம்பாள். நாற்பத்தொரு வயது. கல்யாணம் வேண்டாம் என்றுவிட்டாள். தாலுகா ஆபீசில் கிளார்க் வேலை, பரீட்சை எழுதி வாங்கிய சர்க்கார் வேலை, அதைப் பதினோரு மாதத்தில் விட்டுவிட்டு வந்து நின்றாள். நாடகம் சொல்லிக்கொடுக்கப் போகிறாளாம். பொன்முடித் தேயிலைத் தோட்டத்தில் கூலிக்காரர்களின் பிள்ளைகளைச் சேர்த்து வைத்துக்கொண்டு மூன்று வருஷம் நாடகம் போட்டாள். ஒழுங்காகப் பஸ்கூட ஏறாத மலை. இறங்கி வந்து அந்தப் பிள்ளைகளைப் பற்றி மலையாளத்தில் ஒரு நாவல் எழுதினாள். பெரியவர்களுக்கும் இல்லை, குழந்தைகளுக்கும் இல்லை. பதிமூன்றிலிருந்து பதினெட்டு வயதுக்குள் இருக்கிறவர்களுக்கு எழுதுகிறாளாம்.

“அந்த வயசுல எவன் புஸ்தகம் வாசிக்கான்?” என்று கேட்டேன்.

“அந்த வயசுலதான் வாசிக்கணும்ப்பா. அதுக்கு மேல என்ன சொன்னாலும் தலையில ஏறாது” என்றாள். என்னைக் குத்தித்தான் சொன்னாள்.

அதற்குப் பிறகு மூன்று நாவல். பரிசு என்று மரப்பலகை ஒன்று கொடுத்தார்கள். பிள்ளைகள் கடிதம் எழுதுகிறார்கள், பென்சிலில்கூட எழுதுகிறார்கள். ஓர் அட்டைப்பெட்டி நிறைய இருக்கிறது. ஒன்பது வருஷமாக ஒரு தனியார் பள்ளிக்கூடத்தில் நாடக டீச்சர். வருஷத்துக்கு வருஷம் புதுப்பிக்கிற வேலை. எந்த மார்ச்சிலும் போகச் சொல்லலாம். இதையெல்லாம் ஒரு வேலை என்று சொல்லிக்கொள்கிறாளே என்று எனக்கு ஒரே எரிச்சல்.

அவளுடைய வகுப்பை ஒரு தடவை பார்த்திருக்கிறேன். குடை கொடுக்கப் போனேன். மேசை நாற்காலியெல்லாம் ஓரத்தில் கிடந்தது. பிள்ளைகள் அவரவர் வீட்டில் இருக்கிற ஒரு ஆளைப்போல நடந்து காட்ட வேண்டும். ஒருத்தி மாமாவைப்போல நடந்தாள், ஒருவன் பால்காரனோடு தகராறு செய்யும் அத்தையைப்போல நின்றான். பிறகு இவள் தரையில் உட்கார்ந்து, எழுதி வைத்திருந்த நாவலை வாசித்தாள். ஒரு பையன் கையைத் தூக்கினான். இவள் ஏன் என்று கேட்கவில்லை. பேனாவை எடுத்து அந்த இடத்தை அடித்துவிட்டு மேலே வாசித்தாள்.

பஸ்ஸில் வரும்போது கேட்டேன், “அவன் கை தூக்கினா நீ எதுக்கு அடிக்க?”

“அது அவன் சொன்ன கதை. அவன் வேண்டாம்னா வேண்டாம். ஒருத்தரோட வீட்டைப் பத்தி எழுதினா அவங்களுக்கு வாசிச்சுக் காட்டாம நான் அச்சுக்குக் குடுக்க மாட்டேன்.”

பெரிய நியாயஸ்தி என்று நினைத்துக்கொண்டேன்.

இப்போது ஹரிகுமார் விஷயத்துக்கு வருகிறேன். அந்தப் பள்ளிக்கூடக் கமிட்டியின் செக்ரட்டரி. அவன் அப்பா எனக்குப் பக்கத்துக் கடை, கயிறு வியாபாரம். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில், மகள் வீட்டில் இல்லாத நேரம் பார்த்து வந்தான். கையில் அவளுடைய புதுப் புத்தகம். அட்டையில் ஒரு பெண்ணின் முகம், மேலுதட்டில் கறுப்பாக மீசை. அது எந்த மீசை என்று பார்த்ததுமே தெரிந்துவிட்டது.

“அண்ணாச்சி வாசிச்சாச்சா?” என்று கேட்டான்.

“கண்ணு சரியில்ல.”

“நான் வாசிக்கட்டா? கேட்டா கோபப்படக்கூடாது கேட்டோ.”

வாசித்தான். ஒரு பெண் நாடகத்தில் ஆண் வேஷம் போடுகிறாள், அப்பன் மேடையில் ஏறி அவளை இழுத்துக்கொண்டு போகிறான். அந்த அப்பன் நான். பாதிச் சாலைக் கடைத்தெருவுக்குத் தெரியும் அது நான் என்று. பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டேன். ஒரு பக்கம் திருப்பி இன்னொன்று வாசித்தான். அந்தப் பெண்ணின் அம்மாவுக்கு வேறு ஒரு ஆளோடு பழக்கம், அதனால்தான் அப்பனுக்கு அவ்வளவு வெறி என்று.

“நிறுத்துடே” என்றேன். என் குரல் எனக்கே வேறு மாதிரிக் கேட்டது. “இன்னொருக்க வாசி.”

இன்னொரு தடவையும் அதையே வாசித்தான். புத்தகத்தைப் பார்த்துக்கொண்டுதான் வாசித்தான்.

டாக்டரை நம்பாதவன் நான். பாங்கை நம்பாதவன். கடையில் என் சொந்த மச்சினன் பித்தளைக் குடம் வாங்கினால்கூடக் காசை எண்ணி விளக்கில் பிடித்துப் பார்த்தவன். அன்றைக்கு ஹரிகுமாரை நம்பினேன். ஏனென்றால் என் மகளை அவனைவிடக் குறைவாக நம்பினேன். அவ்வளவுதான் காரணம். வேறு சமாதானம் சொல்ல என்னிடம் இல்லை.

தாள் தயாராகக் கொண்டுவந்திருந்தான். என்னைக் கேட்காமல், எனக்குத் தெரியாமல், என் குடும்பத்தை அவமானப்படுத்தி எழுதியிருக்கிறாள். இப்படிப்பட்டவளைப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்ல விடக்கூடாது. அப்படி எழுதியிருப்பதாக வாசித்துக் காட்டினான். போட்டேன்.

செவ்வாய்க்கிழமை மத்தியானம் நீலா வந்தாள். செருப்பைக் கழற்றவில்லை. நேரே அடுக்களைக்கு வந்து, நான் சோறு போட்டுக்கொண்டிருந்த தட்டுக்குப் பக்கத்தில் ஒரு தாளை வைத்தாள்.

“இது உங்க கையெழுத்தாப்பா?”

“ஆமா.”

“வெள்ளிக்கிழமை மூணு மணிக்குக் கமிட்டி. அதுவரைக்கும் நான் ஸ்கூல் வாசல்ல காலை வைக்கக்கூடாதாம். லைப்ரரியில இருந்து புஸ்தகத்த எடுத்தாச்சு. அடுத்த மாசம் ஆண்டுவிழாவுக்குப் பிள்ளைங்க அந்தக் கதையத்தான் நாடகமாப் போடுது. அதுவும் இல்ல.”

“நல்லதாப் போச்சு.”

“என்ன நல்லது?”

“உங்க அம்மய அசிங்கமா எழுதிட்டு என்கிட்ட வந்து நிக்க. சவம்! அவ இருந்தா இதைக் கேட்டு விஷத்தைக் குடிச்சிருப்பா.”

“அம்மய என்ன எழுதினேன்?”

“என் வாயால சொல்ல வைக்காத.”

அவள் என்னையே பார்த்தாள். “இதுல ‘என்னைக் கேக்காம எழுதினா’ன்னு போட்டிருக்கே. கேக்காமலாப்பா எழுதினேன்?”

“எப்பக் கேட்ட? எவன்கிட்டக் கேட்ட?”

ஏதோ சொல்ல வந்து நிறுத்திக்கொண்டாள். பிறகு, “சோறு ஆறுது, தின்னுங்க” என்று சொல்லிவிட்டு வெளியே போய்விட்டாள். அழுதிருந்தால் எனக்குத் தாங்கியிருக்கும். திட்டியிருந்தால் நானும் திட்டியிருப்பேன். தின்னுங்க என்கிறாள். தட்டைத் தள்ளிவிட்டேன்.

மறுநாள் அவள் பதிப்பகத்துக்குப் போன பிறகு அவள் அறைக்குள் போனேன். எதற்கு என்றால், கமிட்டியில் கொண்டுபோய்க் காட்ட இன்னும் ஏதாவது கிடைக்குமா என்று பார்க்கத்தான். மறைக்க என்ன இருக்கிறது? அலமாரியில் கட்டுக் கட்டாகத் தாள். மேலே இருந்த கட்டை எடுத்தேன். அட்டைப் படத்தைப் போலவே ஒரு மீசைமுகம் முதல் தாளில் பேனாவால் வரைந்திருந்தது. அந்தப் புத்தகத்தின் கையெழுத்துப் பிரதி.

எல்லாம் மலையாளம். எனக்கு எறும்பு ஊர்ந்த மாதிரி. ஓரத்தில் அங்கங்கே பிள்ளைகளின் கையெழுத்து, பக்கத்தில் தேதி. சில இடங்களில் முழுப் பத்தியையும் குறுக்கே அடித்திருந்தது. புரட்டிக்கொண்டே போனேன். நடுவில் ஒரு தாளில் கண் நின்றது.

ஓரத்தில் தமிழ். நீலாவின் எழுத்து, பெரிது பெரிதாக, நான் கண்ணாடி இல்லாமலே வாசிக்கிற அளவுக்கு.

‘அப்பாவிடம் இந்த அத்தியாயம் முழுக்க வாசித்தேன். செரி என்றார். மார்ச் 14, அடுக்களை.’

நின்றபடியே ஐந்தாறு தடவை வாசித்தேன்.

மார்ச் மாதம் மோட்டார் கெட்டுப்போய்க் கிடந்தது. தண்ணீர் ஏறவில்லை. நான் அடுக்களை வாசலில் மோட்டாரைப் பிரித்துப் போட்டு, கையெல்லாம் கிரீசோடு அந்தச் சனியனை வைதுகொண்டிருந்தேன். அவள் அரிசிப் பானைப் பக்கத்தில் முக்காலியில் உட்கார்ந்து எதையோ வாசித்துக்கொண்டிருந்தாள். ரொம்ப நேரம் வாசித்தாள். குரல் ஒரு இடத்தில் கம்மியது. சளி என்று நினைத்தேன். கடைசியில், “அப்பா, இதை இப்படியே விடலாமா? வேண்டாம்னா சொல்லுங்க, எடுத்திருவேன்” என்றாள். ஸ்குரூ ஒன்று உருண்டு ஓடிவிட்டது. “செரி செரி, அந்த டார்ச்ச எடு” என்றேன்.

அந்தச் செரிதான் இது.

எனக்கு வந்த கோபத்தை யார்மேல் போடுவது என்று தெரியவில்லை. நேற்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே, மார்ச் பதினாலு என்று! சொல்லாமல் போனவள்மேல் வந்தது. கட்டைத் தூக்கி எறியலாம் என்று கையை ஓங்கினேன். அப்போது வாசலில் மணி அடித்தது.

பள்ளிக்கூட உடுப்பில் ஒரு பெண் நின்றாள். “பாட்டா, டீச்சர் உண்டா?” எங்கள் ஊர்ப் பக்கத்துக் குடும்பம், தாத்தாவைப் பாட்டா என்றுதான் கூப்பிடுவார்கள்.

“நீ யாரு மக்கா?”

“ஷில்பா. ஹரிகுமாரோட மகள்.” பின்னால் திரும்பித் தெருவைப் பார்த்தாள். “நாடகத்தோட ஸ்கிரிப்ட் எடுக்க வந்தேன். நாங்க தனியா ரிகர்சல் பண்றோம். நான் இங்க வந்தது அப்பாவுக்குத் தெரிஞ்சா அவ்வளவுதான்.”

“உங்க அப்பனுக்கு உங்க டீச்சர்மேல என்ன அவ்வளவு காய்ச்சல்?”

அவள் செருப்பைப் பார்த்தாள். “க்ளாஸ்ல நான் அப்பாவா நடந்து காட்டினேன். அப்பா வீட்டுக்கு வந்து கதவைச் சாத்துறது, போனைச் சுவத்துல எறியறது. யாரோ போய்ச் சொல்லிட்டாங்க. டீச்சர் அடுத்த புக்ல அதை எழுதுவாங்கன்னு அப்பாவுக்குப் பயம். எழுத மாட்டாங்க பாட்டா. நான் அன்னைக்கே கை தூக்கியாச்சு.”

உள்ளே கூப்பிட்டேன். கட்டை அவள் கையில் கொடுத்தேன். தமிழில் எழுதியிருந்த தாளைக் காட்டினேன்.

“இந்த அத்தியாயத்த வாசி.”

“பாட்டா வாசிச்சதில்லையா?”

“எனக்கு மலையாளம் வாசிக்கத் தெரியாது” என்றேன். அறுபது வருஷத்தில் முதல் தடவையாக ஒரு அயலாளிடம் சொன்னேன், அதுவும் பதினாறு வயதுப் பெண்ணிடம். அவள் சிரிக்கவில்லை. தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்து வாசிக்க ஆரம்பித்தாள்.

நீலாவுக்கு அப்போது பதினாறு. பட்டம் என்கிற இடத்தில் பள்ளிக்கூடம், ஆண்டுவிழா. பிரார்த்தனைப் பாட்டுப் பாடப் போகிறேன் என்றுதான் என்னிடம் சொல்லியிருந்தாள். நான் கடைத்தெரு ஆட்கள் இரண்டு பேரோடு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தேன். திரை விலகினால், தொப்பி, பெல்ட், கண்மையால் வரைந்த முரட்டு மீசை, இன்ஸ்பெக்டர் வேஷத்தில் இவள். ஒரு பையனின் சட்டைக் காலரைப் பிடித்து உலுக்கினாள். கூட்டம் கைதட்டிச் சிரித்தது. பக்கத்தில் இருந்தவன் என் தொடையில் தட்டி, ‘வேய் தாணுலிங்கம், உமக்கு மகன் உண்டுன்னு சொல்லவே இல்லையே’ என்றான். நான் மேடையில் ஏறினேன்.

எல்லாம் அப்படியே இருந்தது. அவன் தட்டிய தொடைகூட. ஒவ்வொரு பக்கமும் முடிந்ததும் ஷில்பா நிறுத்தி என் முகத்தைப் பார்த்தாள். முதலில் எனக்குப் புரியவில்லை.

“என்ன பாக்க?”

“கை தூக்கறீங்களான்னு.”

“வாசி.”

பஸ் வந்தது. வேஷத்தோடு அவளைப் பின் சீட்டில் தள்ளிவிட்டு, நான் முன்னால் போய் உட்கார்ந்துகொண்டேன். கண்டக்டர் பின்னால் அவளிடம் போனான். அவள் என்னைக் கைகாட்டினாள். ஷில்பா அந்த நாடகத்தில் கண்டக்டர் வேஷமாம். அந்த இடம் வந்ததும் தலையை நிமிர்த்தி, தொண்டையைத் திறந்து, நிஜக் கண்டக்டரைப்போலவே கூப்பிட்டாள்: “யாருடெ குட்டியாடோ இது?” யாருடைய பிள்ளையடா இது என்று. இரண்டாவது தடவையும் கூப்பிட்டாள். அடுத்த வரியைத் தணிந்த குரலில் வாசித்தாள். அப்பா திரும்பவில்லை. அப்பாவுக்குக் கேட்டிருக்காது, பஸ் அவ்வளவு இரைச்சல். காலிக் கூடையோடு உட்கார்ந்திருந்த ஒரு மீன்காரி, இது என் குட்டிதான் என்று சொல்லி டிக்கெட் வாங்கினாள்.

ஷில்பா நிறுத்தினாள். பார்த்தாள்.

என் கை முழங்கால்மேல் இருந்தது. அசைந்தது. நான் தூக்கவில்லை.

“மேல வாசி. அம்மய என்ன எழுதியிருக்கு?”

“அம்மா மீசையைத் தேங்காயெண்ணெய் போட்டுத் துடைக்கறாங்க. அப்பா வெளிய தூக்கி எறிஞ்ச கண்மை டப்பாவைத் தேடி எடுத்து, அரிசிப் பானைக்குள்ள ஒளிச்சு வைக்கறாங்க. அவ்வளவுதான் பாட்டா. அத்தியாயம் முடிஞ்சுது.”

“அம்மைக்கு வேற ஆளு, பழக்கம், அந்த மாதிரி? புஸ்தகத்துல வேற எங்கயாவது?”

“ஐயோ, எந்தா பாட்டா இது! புக்ல அப்படி ஒண்ணுமே கிடையாது. எனக்கு முழுசும் மனப்பாடம்.”

அலமாரியில் தேடி ஸ்கிரிப்டை எடுத்துக்கொள்ளச் சொல்லி அவளை அனுப்பினேன். ஹரிகுமார் என் கண் முன்னால் புத்தகத்தை விரித்துப் பிடித்துக்கொண்டு, இல்லாததை வாசித்திருக்கிறான். செத்துப்போன பகவதியின்மேல் சேற்றை எடுத்துப் பூசி, அதன்மேல் என்னைக் கையெழுத்துப் போட வைத்திருக்கிறான். இவனுக்குக் கண்ணில் ஒரு கோளாறும் இல்லை, எழுத்துத்தான் தெரியாது என்று என் கடையில் கால்சட்டையோடு நின்ற காலத்திலேயே கணக்குப் போட்டு வைத்திருக்கிறான். அப்போது அவன் வயது பத்து.

வெள்ளிக்கிழமை என்னை யாரும் கூப்பிடவில்லை. போனேன். நீலா என்னைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். நீள மேசை. ஹரிகுமார், இன்னும் மூன்று மெம்பர்கள், தலைப்பக்கம் பிரின்சிபால் சீதாலக்ஷ்மி அம்மா, வலியசாலை அக்ரஹாரத்துத் தமிழ்க்காரர்.

ஹரிகுமார் எழுந்து நாற்காலி இழுத்துப் போட்டான். “வாங்க அண்ணாச்சி. நல்ல நேரத்துல வந்தீங்க. நீங்களே சொல்லிருங்க.”

“சொல்லத்தான் வந்தேன். நீ அன்னைக்கு வாசிச்ச எடத்த இப்ப வாசிடே.”

“எது?”

“என் பொண்டாட்டியப் பத்தி வாசிச்சியே. எடு புஸ்தகத்த. எல்லாருக்கும் கேக்க வாசி.”

அவன் சிரித்தான். “அண்ணாச்சி, லேடீஸ் இருக்காங்க. அதெல்லாம் எதுக்கு இங்க.”

“புஸ்தகத்துல இருந்தா பிள்ளைங்க வாசிச்சிருக்கும். இந்தம்மா வாசிக்கப்படாதா? வாசி.”

“நான் சொன்னது, மொத்தத்துல அர்த்தம் அப்படி வருதுன்னு.” மற்றவர்களைப் பார்த்து மலையாளத்துக்கு மாறினான். மகள் வீட்டில் வைத்து மிரட்டியிருப்பாள், வயதானவர், ஆளுக்கு ஒன்று சொன்னால் அப்படியே நம்பிவிடுவார் என்றான். பிறகு என் பக்கம் குனிந்து, “உங்களுக்கு யாரு வாசிச்சுத் தந்தது, சொல்லுங்க. நீங்களா வாசிச்சீங்க?”

மேசை முழுக்க என்னைப் பார்த்தது. அவனுக்குத் தெரியும் நான் எங்கே மாட்டுவேன் என்று. உன் மகள்தான் வாசித்தாள் என்று ஒரு வார்த்தை சொன்னால் அவன் அந்த இடத்திலேயே உட்கார்ந்துவிடுவான். நாக்கு நுனிவரை வந்துவிட்டது. சாயங்காலம் அவன் வீட்டில் கதவு எப்படிச் சாத்தும் என்று நினைத்துப் பார்த்தேன். அந்தப் பிள்ளை கை தூக்கியாயிற்று.

“நான் வாசிக்கல” என்றேன். “எனக்கு மலையாளம் வாசிக்கத் தெரியாது. ஒரு எழுத்து தெரியாது. அது இவனுக்குத் தெரியும். அதனாலதான் என்கிட்ட வந்தான். யாரு வாசிச்சுத் தந்தான்னு சொல்ல மாட்டேன். பிரின்சிபாலம்மா, நீங்க வாசியுங்க. அந்த பஸ் வர்ற அத்தியாயம். மொதல்ல இருந்து கடைசி வரைக்கும்.”

“மாமா, அது உங்களைப் பத்தின்னா… இத்தனை பேர் நடுவுல வாசிக்கணுமா?” என்று அந்த அம்மா கேட்டார்.

“வாசியுங்க.”

நிதானமாக வாசித்தார். மேடை வந்தது, என் செருப்புக்கால் வந்தது, நான் பிடித்து இழுத்ததில் அவள் பெல்ட் அறுந்தது. ஒரு மெம்பர் இருமினான். நீலா மேசையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பஸ் வந்தது. யாருடெ குட்டியாடோ இது. இரண்டு தடவை. “அப்பா திரும்பவில்லை. அப்பாவுக்குக் கேட்டிருக்காது, பஸ் அவ்வளவு…”

நான் கையைத் தூக்கினேன்.

பிரின்சிபால் நிறுத்தினார். ஹரிகுமார் முகத்தில் வெளிச்சம் வந்தது. “பாத்தீங்களா, அவருக்கே பொறுக்கல” என்றான்.

“அந்த வரி பொய்” என்றேன். “எனக்குக் கேட்டுது. ரெண்டு தடவையும் கேட்டுது. கேட்டுத்தான் ஜன்னலுக்கு வெளிய பாத்தேன்.”

நீலா தலையைத் தூக்கினாள். அந்தப் பார்வையை நான் எழுத மாட்டேன்.

“மத்ததெல்லாம் நெசம். மேல வாசியுங்கம்மா. கண்மை டப்பா வரைக்கும் வாசியுங்க. என் பொண்டாட்டி அதுல என்ன செஞ்சான்னு இவனுக்குக் கேக்கட்டும்.”

வாசித்து முடித்தார். ஹரிகுமார் அர்த்தம், தாத்பரியம் என்று எதையோ சொன்னான். பிரின்சிபால் என் தாளை எடுத்து என் முன்னால் நகர்த்தினார். கிழித்தேன். நான்காகக் கிழித்தேன். ஆண்டுவிழா நாடகம் நடக்கட்டும், புத்தகம் லைப்ரரிக்குத் திரும்பட்டும், டீச்சர் திங்கட்கிழமை வரட்டும் என்று முடிவானது. மார்ச்சுக்குப் பிறகு வேலையைப் புதுப்பிப்பது பற்றிக் கமிட்டி தனியாக யோசிக்கும் என்று ஒரு மெம்பர் பேப்பர்க் கட்டைத் தட்டிக்கொண்டே சொன்னான்.

“என்னடே யோசிப்ப?” என்று கத்தினேன். “பொய் வாசிச்சவன் செக்ரட்டரி நாற்காலியில இருக்கான். அவனப் பத்தி ஒரு யோசனையும் இல்ல, ஒன்பது வருஷம் ஒழச்சவளப் பத்தி யோசிக்கணுமோ?”

“அப்பா, போதும்” என்றாள் நீலா. அன்றைக்கு அவள் என்னிடம் பேசிய முதல் வார்த்தை.

பஸ் ஸ்டாப்புக்கு நடந்தோம். நாலரை வெயில் தார் ரோட்டில் அடித்தது. அவள் முன்னால், நான் பின்னால். நிழற்குடைக்குக் கீழே வந்ததும் திரும்பினாள்.

“கேட்டுதா?”

“ஆமா.”

“ரெண்டு தடவையும்?”

“அதான் சொன்னேனே.”

“மார்ச்ல நான் வாசிச்சப்ப ஏன் சொல்லல?”

“அன்னைக்கு நான் கேக்கல. மோட்டார் கெட்டுக் கிடந்துது.”

சிரிக்கப் போகிறாள் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. “இருபத்தஞ்சு வருஷமா உங்களுக்காக நான் அந்த பஸ்ஸ இரைய வச்சுக்கிட்டு இருந்திருக்கேன்ப்பா. என்னால எழுத முடிஞ்சதே அந்த வரி இருந்ததுனாலதான். அதை வச்சுத்தான் உங்ககூட ஒரே வீட்டுல இருந்தேன்.”

பதில் தெரியாதபோது எனக்குக் கோபம்தான் வரும். “அப்ப நான் பேசாம இருந்திருக்கணுமோ? வேலையும் போயிருக்கும், நாடகமும் போயிருக்கும்.”

“அந்த வரிய நீங்க தொடாமலே கமிட்டி முடிஞ்சிருக்கும். நீங்களாத்தான் கை தூக்கினீங்க.” புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தாள். “அடுத்த பதிப்புல அது வராது. கேட்டுதுன்னே எழுதுவேன்.”

“எழுது.”

“எழுதலாமான்னு நான் உங்ககிட்டக் கேக்கல. சொல்லுகேன்.”

கரமனை பஸ் வந்தது. அவள்தான் பெயரைப் பார்த்துக் கையைக் காட்டினாள். முன்பக்கம் ஏறிப் பெண்கள் சீட்டில் உட்கார்ந்துகொண்டாள். நான் பின்பக்கம் ஏறினேன். பள்ளிக்கூடம் விட்ட பிள்ளைகள், ஆபீஸ் ஆட்கள், நல்ல கூட்டம். கண்டக்டர் நெருங்கி வந்தான்.

“கரமனை, ரெண்டு” என்றேன். “முன்னாடி நீலப் புடவை. என் மகள்.” பஸ் முழுக்கக் கேட்கிற மாதிரித்தான் சொன்னேன். நாலைந்து பேர் திரும்பிப் பார்த்தார்கள்.

கண்டக்டர் எட்டிப் பார்த்தான். “அவர் எடுத்தல்லோ சாரே” என்று, அவள் தன் டிக்கெட்டை எடுத்துவிட்டதாகச் சொல்லி எனக்கு ஒரே ஒரு டிக்கெட்டைக் கிழித்துக் கொடுத்தான்.

அவள் திரும்பவில்லை. கேட்டிருக்கும். பஸ் ஒன்றும் அவ்வளவு இரைச்சல் போடவில்லை.